தென்துருவ ஊமைப் படங்களும் ஒரு கப்பல் தச்சரும்

(தொழிலாளர் வாசகசாலையில், படம் காட்டுவதற்கு முன் நிகழ்த்திய பேச்சு)



இன்று இரவு இங்கே ஒரு படம் காட்டப் போகிறோம் என்று தட்டி எழுதி வைத்ததிலிருந்து, "யார் நடித்த படம்?" என்று பலபேர் கேட்டுவிட்டீர்கள். யாரும் நடிக்கவில்லை. பாட்டுக் கிடையாது, பேச்சும் கிடையாது. 1919-ம் வருஷம் வெளிவந்த ஊமைப் படம் இது. 'தெற்கு' என்பது அதன் பெயர். 28 மனிதர்கள், அறுபதுக்கு மேற்பட்ட நாய்கள், ஒரு மரக்கப்பல், இவைதான் அதில் வருகின்றன. அந்தக் கப்பலும் படம் முடிவதற்கு முன்பே நொறுங்கிப் போய்விடுகிறது.

"ஷிப்டு முடிந்து வந்து உட்கார்ந்து பார்க்க இதுதானா கிடைத்தது?" என்று பின்னால் ஒரு தோழர் முணுமுணுப்பது எங்களுக்கும் கேட்கிறது. நியாயமான கேள்விதான். முதன்முதல் இந்தப் படத்தைப் பார்க்க உட்கார்ந்தபோது நாங்களும் ஏறக்குறைய அப்படித்தான் நினைத்தோம். பார்த்து முடித்த பிறகோ எழுந்திருக்க மனம் வரவில்லை. படம் முடிகிற இடத்துக்கு அப்பால் அந்த மனிதர்களுக்கு என்ன நடந்தது என்று தேடிப் படிக்க ஆரம்பித்தோம். படித்ததில் கொஞ்சத்தைச் சொல்லிவிட்டுப் படத்தைப் போடலாம் என்று இருக்கிறோம்.

முதலில் இடத்தைப் பற்றி ஒரு வார்த்தை. பூமியின் தென்கோடியில் அண்டார்ட்டிகா என்ற கண்டம் இருக்கிறது. நம் இந்தியாவைப் போல நான்கு மடங்குக்கும் பெரிது. அதன்மேல் போர்த்தியிருக்கும் ஐஸ் பாளத்தின் கனம் சராசரி ஒரு மைலுக்கு மேல். விதைப்பு இல்லை, அறுப்பு இல்லை, குடிபடை இல்லை. குளிர்காலம் வந்தால் மாதக்கணக்கில் சூரியன் தலைகாட்டாது. கோடையில் மாதக்கணக்கில் அது மறையாது. அப்படிப்பட்ட இடத்தில் தங்கள் கொடியைக் கொண்டுபோய் நட்டுவிட வேண்டும் என்று இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் வல்லரசுகளுக்குள் போட்டா போட்டி. அதே சமயத்தில்தான் சினிமா என்ற புதுச் சரக்கும் உலகத்தில் விலைபோக ஆரம்பித்தது. 1895-ல் பாரிஸில் முதல் காட்சி நடந்தது. பத்துப் பதினைந்து வருஷத்துக்குள், துருவத்துக்குப் போகிற கப்பலில் பிஸ்கோத்துப் பெட்டி, கம்பளி, நாய், குதிரை இவற்றோடு சினிமாக் காமிராவும் ஏறிவிட்டது.

ஏன் ஏறிற்று? விஞ்ஞான ஆசையால் மட்டும் அல்ல. துருவப் பயணம் என்றால் கொள்ளை கொள்ளையாகப் பணம் வேண்டும். தலைவர்கள் சீமான்களின் வாசலில் நின்றார்கள், சர்க்காரைக் கேட்டார்கள். அதுவும் போதாமல், இன்னும் எடுக்காத படத்தின் உரிமையைப் படக்கம்பெனிக்கு விற்று அந்தப் பணத்தையும் வாங்கிக் கப்பலில் போட்டார்கள். பயிர் விதைக்கும் முன்பே விளைச்சலை எழுதிக் கொடுத்து முன்பணம் வாங்குகிற குடியானவனின் நிலைமை நமக்குத் தெரியும். ஏறத்தாழ அந்தக் கதைதான்.

பொய்ப்படம் எடுத்தவர்களும் உண்டு. பிரான்சில் மெலியே என்ற படாதிபதி, 1912-ல் 'துருவ வெற்றி' என்று ஒரு படம் எடுத்தார். ஸ்டூடியோவுக்குள்ளேயே ஐஸ் மலை. அதில் ஒரு பனி ராட்சசன். குழாய் பிடித்துக்கொண்டு மனிதர்களை எடுத்து வாயில் போட்டு விழுங்குவான். பீரங்கியால் சுட்டதும் கக்கிவிடுவான். பார்க்க வேடிக்கையாகத்தான் இருக்கும். குழந்தைகளுக்கு ஒருநாள் காட்டலாம். ஆனால் அதே சமயத்தில் நிஜமான பனியில் நிஜமான மனிதர்கள் செத்துக் கொண்டிருந்தார்கள்.

அவர்களைப் படம் எடுத்தவர் பாண்டிங் என்ற ஆங்கிலேயர். பிரிட்டிஷ் கடற்படை அதிகாரியான கேப்டன் ஸ்காட் 1910-ல் தென்துருவத்துக்குப் புறப்பட்டபோது அந்தக் கோஷ்டியில் படம் பிடிக்கும் வேலைக்கு இவர் சேர்ந்தார். இவர் செய்த வேலையைக் கொஞ்சம் நினைத்துப் பாருங்கள். அந்தக் காலத்துக் காமிராவுக்கு மோட்டார் கிடையாது. கைப்பிடியை விநாடிக்கு இரண்டு சுற்று வீதம், கூடாமல் குறையாமல் கையால் சுற்ற வேண்டும். நம் தோழர்களுக்கு மிஷினோடு கையை ஒத்துப்போக வைப்பது என்ன என்று சொல்லித்தர வேண்டியதில்லை. அதைக் கையுறை போட்டுக்கொண்டு, உறைந்த விரலால் செய்யவேண்டும். கடுங்குளிரில் பிலிம் கண்ணாடிபோல் முறியும். இரும்பில் வெறும் தோல் பட்டால் ஒட்டிக்கொள்ளும். ஒருதரம் பாண்டிங்கின் நாக்கு காமிராவின் உலோகத்தில் பட்டு ஒட்டிக்கொண்டுவிட்டது; இழுத்தபோது தோல் அங்கேயே தங்கிவிட்டது. காமிராவைக் குடிசைக்குள் கொண்டுவந்தால் உள்வெப்பத்தில் லென்ஸெல்லாம் நீர்கோத்துக் கெட்டுப்போகும். ஆகவே காமிரா வெளியிலேயே கிடக்க வேண்டும். பிலிமோ அந்தக் காலத்து நைட்ரேட் பிலிம். தீப்பொறி பட்டால் பஞ்சு மில்லில் பற்றிக்கொள்வதைப் போலப் பற்றிக்கொள்ளும்.

கப்பலின் முகப்பு ஐஸைப் பிளந்துகொண்டு போவதைப் பிடிக்க வேண்டும் என்று பாண்டிங்குக்கு ஆசை. கப்பலின் பக்கவாட்டில் பலகைகளை வெளியே நீட்டிக் கட்டி, அதன் நுனியில் காமிராவை நிறுத்தி, கடலுக்கு மேலே தொங்கிக்கொண்டு சுற்றினார். இன்னொரு நாள் ஐஸ் ஓரத்தில் நின்று திமிங்கிலங்களைப் படம் பிடிக்கப் போனார். கொலைகாரத் திமிங்கிலம் என்று சொல்லப்படும் அந்த ஜாதி, ஐஸுக்கு அடியில் புகுந்து முதுகால் முட்டிப் பிளக்கும். இவர் நின்ற பாளமே துண்டு துண்டாயிற்று. காமிராவையும் கட்டிப் பிடித்துக்கொண்டு துண்டுக்குத் துண்டு தாவிக் கரையேறினார்.

பாண்டிங்கின் படத்தில் ஒரு காட்சி இருக்கிறது. ஸ்காட், வில்சன், பவர்ஸ், எட்கர் எவன்ஸ் ஆகிய நால்வர் ஒரு சிறு கூடாரத்துக்குள் உட்கார்ந்திருக்கிறார்கள். காலுறையைக் கழற்றுகிறார்கள். அடுப்பில் கஞ்சி கொதிக்கிறது. பேசுகிறார்கள், சிரிக்கிறார்கள், பிறகு தோல் பைக்குள் புகுந்து படுக்கிறார்கள். துருவத்துக்குப் போகும்போது இப்படித்தான் இருப்போம் என்று, புறப்படுவதற்கு முன்பே முகாமில் செய்து காட்டியது அது. ஓட்ஸ் என்ற ஐந்தாம் ஆளும் சேர்ந்து அந்த நால்வரும் 1912 ஜனவரி 17-ந் தேதி துருவத்தை அடைந்தார்கள். அங்கே நார்வேக் கொடி பறந்துகொண்டிருந்தது. அமுண்ட்சென் 1911 டிசம்பர் 14-லேயே வந்துபோய்விட்டார். திரும்பும் வழியில் ஐவரும் மாண்டார்கள். ஸ்காட், வில்சன், பவர்ஸ் மூவரும் கூடாரத்துக்குள் படுத்தபடியே இறந்தார்கள். அடுத்த உணவுக் கிடங்கு 11 மைல் தூரத்தில் இருந்தது.

பாண்டிங்குக்கு இது ஒன்றும் தெரியாது. 1912 மார்ச்சிலேயே அவர் கப்பலேறிவிட்டார். அவர் கொண்டுபோன சுருள்களைக் கோமோன் கம்பெனி அந்த வருஷமே லண்டனில் ஓட்டிக் காசு பார்த்தது. ஜனங்கள் கூடாரக் காட்சியைப் பார்த்துச் சிரித்தார்கள். அப்போது கூடாரத்தில் இருந்தவர்கள் பிணமாகி மாதங்கள் ஆகிவிட்டன. செய்தி உலகத்துக்கு எட்டியது 1913 பிப்ரவரியில்தான்.

எட்கர் எவன்ஸ் என்ற அந்த நாலாவது ஆளைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லாமல் மேலே போக மனமில்லை. மற்றவர்கள் அதிகாரிகள், படித்த டாக்டர், சீமான் வீட்டுப் பிள்ளை. எவன்ஸ் ஒருவர்தான் வேல்ஸ் நாட்டுச் சாதாரண மாலுமிக் குடும்பம். சறுக்குவண்டியைப் பழுது பார்ப்பது அவர் பொறுப்பு; அந்த வேலையில் கையில் பட்ட காயம் ஆறவில்லை. உடம்பிலே பெரியவர், பங்கு உணவு எல்லோருக்கும் ஒரே அளவு. முதலில் அவர்தான் விழுந்தார், பிப்ரவரி 17-ந் தேதி. செய்தி வந்ததும் பத்திரிகைக்காரர்கள் என்ன எழுதினார்கள் தெரியுமா? படிப்பில்லாத ஆள், அதனால் மனம் தளர்ந்துவிட்டான், அவனால்தான் மற்றவர்களுக்குத் தாமதம் என்ற தோரணையில் எழுதினார்கள். பசியும் காயமும் குளிரும் ஒரு மனிதனைக் கொன்றதற்கு, அவன் பள்ளிக்கூடத்தில் எத்தனை வகுப்புப் படித்தான் என்று கணக்குப் பார்த்தார்கள்!

பிற்பாடு பாண்டிங் படத்தின் உரிமையைக் கம்பெனியிடமிருந்து ஐயாயிரம் பவுனுக்கு மேல் கொடுத்துத் தாமே வாங்கினார். முதல் உலக யுத்தத்தில் பிரான்சின் போர்முனையில் கிடந்த பிரிட்டிஷ் சிப்பாய்களுக்கு இதைக் காட்டினார்கள். எதற்கு என்று சொல்ல வேண்டுமா? பதுங்குகுழியில் சாகப் போகிறவனுக்கு, முணுமுணுக்காமல் எப்படிச் சாவது என்று பாடம். 1924-ல் 'மாபெரும் வெண்மௌனம்' என்ற பெயரில் முழுப்படமாகத் தொகுத்தார். துருவத்துக்கு அவர் போகவில்லை அல்லவா? அதனால் கடைசிப் பகுதியில் வரைபடத்தையும் பொம்மை வண்டிகளையும் பவர்ஸ் எடுத்த போட்டோக்களையும் வைத்து ஒப்பேற்றியிருக்கிறார். அந்தப் பொம்மை வண்டிகள் நகர்வதைப் பார்த்து எங்களுக்குச் சிரிப்பு வரவில்லை. ஒன்றைமட்டும் மன்னிக்க முடியவில்லை. கப்பலில் ஒரு கறுப்புப் பூனை. அதற்கு வைத்த பெயர், கறுப்பு மக்களை இழித்துச் சொல்லும் வசைச்சொல். படத்தில் அதைப் பெரிய எழுத்தில் வேடிக்கையாகப் போட்டிருக்கிறார்கள். எத்தனை அழகான படமாக இருந்தாலும் அந்த இடத்தில் நெஞ்சில் முள் குத்துகிறது. 1933-ல் குரல் சேர்த்து மறுபடியும் வெளியிட்டார். 1935-ல் கடனோடு இறந்தார்.

அந்த ஸ்காட் கோஷ்டியில் குதிரை பார்க்க வந்த ஒரு சிறு மனிதர், அன்டன் ஒமெல்சென்கோ. உக்ரேன் கிராமத்துக் குடியானவர் வீட்டுப் பிள்ளை. ஊர் திரும்பி, யுத்தத்துக்குப் போய், பிறகு செஞ்சேனையில் சேர்ந்து, தம் கிராமத்தில் கூட்டுப்பண்ணை அமைக்கவும் உதவினார். தென்துருவக் குளிரில் தப்பியவர் 1932-ல் வீட்டருகே இடி விழுந்து இறந்தார். நம் நாட்டுக்கும் ஒரு தொடர்பு உண்டு. ஸ்காட்டைத் தேடிப்போன இரண்டாம் வருஷம் வண்டி இழுக்க ஏழு கோவேறு கழுதைகள் இந்தியாவிலிருந்து போயின. குலாப், பேகம், ராணி, லால் கான் என்றெல்லாம் பெயர். 

ஜப்பான்காரர்களும் அதே சமயத்தில் போனார்கள். ஷிராசே என்ற லெப்டினன்ட் தலைமையில் ஒரு சின்னஞ்சிறு கப்பல். நாய் ஓட்ட ஐனு பழங்குடியைச் சேர்ந்த இருவர். அவர்களும் ஒரு படக்காரரைக் கூட்டிப்போய் 1912-ல் படம் வெளியிட்டார்கள். ஷிராசேயின் தலையில் பயணக் கடன் முழுவதும் விழுந்தது. அதை அடைக்க அவர் அந்தப் படச்சுருளைத் தூக்கிக்கொண்டு ஊர் ஊராகப் பேசித் திரிந்தார். 1946-ல் வாடகை அறையில் வறுமையில் செத்தார்.

வடதுருவப் பக்கம் ஒன்றைச் சொல்லிவிட்டு இன்றையப் படத்துக்கு வருகிறோம். 1928 மே மாதம் 'இத்தாலியா' என்ற ஆகாயக் கப்பல் துருவத்துக்கு மேலே பறந்துவிட்டுத் திரும்பும்போது ஐஸில் மோதி விழுந்தது. முசோலினியின் இத்தாலியிலிருந்து போனது அது. உயிர் பிழைத்தவர்கள் ஒரு கூடாரத்துக்குச் சிவப்புச் சாயம் பூசிக்கொண்டு மிதக்கும் பனியில் கிடந்தார்கள். அவர்களிடம் இருந்த சிறு வானொலியின் குரலைப் பக்கத்திலிருந்த கப்பல் கேட்கவில்லை. சோவியத் நாட்டின் ஒரு மூலைக் கிராமத்தில் தாமே வானொலிப் பெட்டி செய்து வைத்திருந்த ஷ்மிட் என்ற இளைஞர் ஜூன் 3-ந் தேதி கேட்டார். லெனின்கிராடிலிருந்து 'கிராசின்' என்ற ஐஸ் உடைப்புக் கப்பல் புறப்பட்டது. நிலக்கரியில் ஓடுகிற கப்பல். மேலே ஐஸ், கீழே கொதிகலன் அறையில் கரி அள்ளிப் போடுகிற தோழர்கள். சுழல்விசிறியின் ஒரு இறக்கை முறிந்த பிறகும் கப்பல் முன்னேறியது. சுக்னோவ்ஸ்கி என்ற விமானி தேடிப் பறந்து, பனியில் இருவரைக் கண்டு, மூடுபனியில் தாமே விழுந்து நொறுங்கினார். 'எங்களை விடுங்கள், முதலில் இத்தாலியர்களைக் காப்பாற்றுங்கள்' என்ற கருத்தில் செய்தி அனுப்பினார். ஜூலை 12-ந் தேதி ஒரே நாளில் ஏழு உயிர்களைக் கிராசின் மீட்டது. உடன் சென்ற படக்காரர்கள் எடுத்த சுருள்களை வாசிலியேவ் என்ற பெயருடைய இருவர் வெட்டி ஒட்டி, 'பனியில் ஒரு வீரச் செயல்' என்ற படமாக்கினார்கள். சகோதரர்கள் என்று அழைக்கப்பட்ட இவர்கள் உண்மையில் சகோதரர்கள் அல்ல. பின்னால் 1934-ல் 'சப்பாயெவ்' எடுத்தவர்கள் இவர்கள்தான். வானொலி கேட்ட ஷ்மிட்டின் முடிவு வேறு: 1942-ல் பொய்க் குற்றச்சாட்டில் சுட்டுக் கொல்லப்பட்டார், 1984-ல் குற்றமற்றவர் என்று அறிவித்தார்கள். வீரத்தைச் சொல்லுகிறபோது இதையும் சொல்லத்தான் வேண்டும்.

இப்போது 'தெற்கு' படம். எடுத்தவர் பிராங்க் ஹர்லி, ஆஸ்திரேலியாவின் சிட்னி நகரத்துக்காரர். அப்பா அச்சுத் தொழிலாளி, தொழிற்சங்க நிர்வாகி. பையன் 13 வயதில் வீட்டைவிட்டு ஓடி, லித்கோ என்ற ஊரில் உருக்காலையில் கூலிக்குச் சேர்ந்தான். பிறகு இரவுப் பள்ளியில் படித்தான். 15 ஷில்லிங் விலையுள்ள ஒரு பெட்டிக் காமிராவை, வாரம் ஒரு ஷில்லிங் தவணையில் வாங்கினான். அங்கிருந்து வந்த கைதான் இந்தப் படத்தின் கைப்பிடியைச் சுற்றியது. அதனால்தானோ என்னவோ, ஹர்லியின் படத்தில் மனிதர்கள் வேலை செய்யும் காட்சிகள் நன்றாக வந்திருக்கின்றன. கப்பல் ஐஸில் மாட்டிக்கொண்டதும் மாலுமிகள் இறங்கி ரம்பத்தாலும் கடப்பாரையாலும் அதை வெட்டுகிற காட்சி வரும். கவனித்துப் பாருங்கள். அது நடிப்பல்ல.

கப்பலின் பெயர் 'எண்டூரன்ஸ்'. தலைவர் ஷாக்கிள்டன். 1914 ஆகஸ்டில், ஐரோப்பாவில் யுத்தம் தொடங்கிய அதே வாரத்தில் இங்கிலாந்தை விட்டுக் கிளம்பினார்கள். கண்டத்தைக் குறுக்கே நடந்து கடப்பது திட்டம். பணம் யார் கொடுத்தது என்பதைக் கப்பலின் மூன்று படகுகளின் பெயரிலேயே எழுதி வைத்திருந்தார்கள். 'ஜேம்ஸ் கெயர்டு': இவர் ஸ்காட்லாந்தில் டண்டீ நகரத்துச் சணல் மில் முதலாளி, 24,000 பவுன் கொடுத்தவர். டண்டீ மில்களின் சணல் எங்கே விளைந்தது? வங்காளத்துக் குடியானவன் முழங்கால் நீரில் நின்று அறுத்த சணல். 'டட்லி டாக்கர்': ஆயுதக் கம்பெனி முதலாளி, 10,000 பவுன். 'ஸ்டான்கோம் வில்ஸ்': புகையிலைச் செல்வத்தின் வாரிசான சீமாட்டி. சணல், துப்பாக்கி, புகையிலை. இவற்றோடு, படத்தின் உரிமைக்காகத் தனியே ஒரு கூட்டுக் கம்பெனியும் லண்டனில் சேர்ந்தது.

1915 ஜனவரியில் வெட்டல் கடலில் ஐஸ் கப்பலைக் கவ்விக்கொண்டது. பத்து மாதம் அப்படியே பிடித்து வைத்திருந்தது. அந்தப் பத்து மாதமும் ஹர்லி படம் எடுத்தார். பாய்மரத்து உச்சிக் கட்டையில் ஏறி எடுத்தார். இருட்டு மாதங்களில் கப்பலைச் சுற்றி இருபது இடத்தில் மத்தாப்பு மருந்தைக் கொளுத்தி, பேய்போல் வெளுத்து நிற்கும் கப்பலைப் போட்டோவில் பிடித்தார். அக்டோபரில் ஐஸ் நெருக்க ஆரம்பித்தது, பலகைகள் வெடித்தன, பின்புறத்தில் தண்ணீர் புகுந்தது. 27-ந் தேதி கப்பலைவிட்டு எல்லோரும் பனியில் இறங்கினார்கள். பாய்மரங்கள் சாய்ந்து விழுவதைக் கூட ஹர்லி விடவில்லை, படத்தில் பார்ப்பீர்கள். நாங்கள் இதை எத்தனை தரம் பார்த்தாலும் அந்த இடத்தில் மூச்சு நின்றுவிடுகிறது.

எடுத்த படமெல்லாம் தகரப் பெட்டிகளில் ஈயம் வைத்து அடைத்து, மூழ்கிய அறைக்குள் கிடந்தன. சில நாள் கழித்து ஹர்லி சட்டையைக் கழற்றிப்போட்டு, ஐஸ் சேறாய் மிதக்கும் தண்ணீருக்குள் இறங்கி, பெட்டிகளை வெளியே எடுத்தார். எல்லாவற்றையும் சுமக்க முடியாது. ஷாக்கிள்டனும் அவரும் பனிமேல் உட்கார்ந்து கண்ணாடித் தகடுகளை ஒவ்வொன்றாகப் பார்த்து, சுமார் 120 தகடுகளை வைத்துக்கொண்டு, 400 அளவில் அங்கேயே உடைத்துப் போட்டார்கள். பிறகு மனம் மாறித் திரும்பப் பொறுக்கக் கூடாது என்றுதான் உடைத்தார்கள். சினிமாக் காமிராவையும் விட்டாயிற்று. ஒரு சட்டைப்பைக் காமிராவும் மூன்று சுருளுமே மிச்சம்.

ஆகவே, தோழர்களே, அதற்குமேல் நடந்ததற்கு ஓடுகிற படம் இல்லை. எங்கே காமிரா நின்றதோ, அங்கேதான் நாம் சொல்ல வந்த மனிதரின் வேலை உச்சத்துக்கு வருகிறது.

ஹாரி மக்நிஷ். கப்பல் தச்சர். ஸ்காட்லாந்தில் போர்ட் கிளாஸ்கோ ஊர். செருப்புத் தைக்கும் தொழிலாளியின் பதினொரு பிள்ளைகளில் மூன்றாவது. வயது நாற்பது. முன்கோபக்காரர், மனதில் பட்டதை முகத்துக்கு நேரே சொல்கிறவர், சோஷலிசக் கருத்து உடையவர். கெட்ட வார்த்தை பேசினால் மட்டும் அவருக்குப் பிடிக்காது. கப்பலில் தண்ணீர் புகுந்தபோது இடுப்பளவு உறைநீரில் மணிக்கணக்காக நின்று, உள்ளே தடுப்புச் சுவர் எழுப்பி, கம்பளியைக் கிழித்து இடுக்கில் திணித்தவர் அவர்தான். அவருக்கு ஒரு பூனை இருந்தது. எங்கே போனாலும் பின்னாலேயே வருமாம்; அதனால் 'தச்சர் வீட்டம்மா' என்ற அர்த்தத்தில் 'மிஸஸ் சிப்பி' என்று மாலுமிகள் பெயர் வைத்தார்கள். பூனை ஆண் பூனை, அது பிறகுதான் தெரிந்தது. கப்பலை விட்டு இறங்கியதும், இனிச் சுமையைக் குறைக்க வேண்டும் என்று பூனையையும் சில நாய்க்குட்டிகளையும் சுட்டுவிட ஷாக்கிள்டன் உத்தரவிட்டார். மக்நிஷ் அதை மன்னிக்கவே இல்லை.

டிசம்பர் 27-ந் தேதி. படகுகளைப் பனிமேல் இழுத்துக்கொண்டு போகிறார்கள். கோடை வெயிலில் பனி சேறாகிவிட்டது. முழங்கால் வரை புதைகிறது. நாளெல்லாம் இழுத்தால் ஒரு மைல், இரண்டு மைல். படகு அடிபட்டு வீணாகும், பிறகு கடலில் மிதக்காது என்பது தச்சருக்குத் தெரியும். மூலநோயும் உடம்பு வலியும் வேறு. நின்றுவிட்டார். 'இனி இழுக்க மாட்டேன். கப்பல் மூழ்கிவிட்டது, கப்பலோடு ஒப்பந்தமும் தீர்ந்தது, உத்தரவிட உங்களுக்கு உரிமை இல்லை' என்றார். அன்றைய கடல் சட்டத்தைப் பாருங்கள்: கப்பல் மூழ்கினால் மாலுமியின் கூலியும் அன்றோடு நின்றுவிடும். அப்படியானால் வேலையும் நிற்க வேண்டியதுதானே? தச்சர் கேட்டது அந்தக் கேள்வி. ஷாக்கிள்டன் எல்லோரையும் கூட்டி ஒப்பந்தத்தை வாசித்துக் காட்டினார். படகிலானாலும் கரையிலானாலும் உத்தரவுக்குக் கட்டுப்பட வேண்டும் என்ற விசேஷ ஷரத்து அதில் இருக்கிறது என்றார். கரைசேரும்வரை கூலி உண்டு என்றும் சொன்னார். மக்நிஷ் அடங்கி மறுபடி இழுத்தார். இரண்டு மூன்று நாளில் ஷாக்கிள்டனே இழுப்பதை நிறுத்திவிட்டார். தச்சர் சொன்னதுபோலவே பனி தாங்கவில்லை.

ஒரு பக்கமாகப் பேசக் கூடாது. 28 பேர் உயிருக்கும் பொறுப்பு ஏற்ற தலைவர் ஷாக்கிள்டன். பனிப்பாளம் நள்ளிரவில் பிளந்து ஹோல்னெஸ் என்ற கொதிகலன் தொழிலாளி படுக்கைப் பையோடு கடலில் விழுந்தபோது, ஓடிவந்து கையால் தூக்கிப் போட்டவர் அவர். (ஹோல்னெஸ் கரையேறியதும் வருத்தப்பட்டது, தம் புகையிலை போயிற்றே என்று!) அத்தகைய நேரத்தில் ஒருவர் நின்றால் எல்லோரும் நிற்பார்கள் என்ற பயம் அவருக்கு இருந்திருக்கும். ஆனால் பிறகு அவர் செய்த கணக்குத்தான் நமக்கு ஒத்துக்கொள்ள முடியாதது.

1916 ஏப்ரலில் மூன்று படகுகளிலும் ஏறி, எலிபண்ட் தீவு என்ற வெறும் பாறைக்கு வந்து சேர்ந்தார்கள். உதவிக்கு ஆள் அனுப்பினால்தான் உயிர். 800 மைல் தூரத்தில் தெற்கு ஜார்ஜியா தீவு. உலகத்திலேயே மோசமான கடல். படகு ஏறக்குறைய 22 அடி நீளம்தான். இந்த 'ஜேம்ஸ் கெயர்டு' படகை அந்தக் கடலுக்கு லாயக்காக்கியவர் மக்நிஷ். முன்பே பனிமேல் இருந்தபோது அதன் பக்கங்களை உயர்த்தியிருந்தார். இடுக்கை அடைக்கத் தார் இல்லை. விளக்குத் திரியைத் திணித்து, ஓவியரின் எண்ணெய்ச் சாயத்தையும் சீல் மிருகத்தின் ரத்தத்தையும் பூசினார். தீவில் சறுக்குவண்டியின் கட்டைகளையும் பெட்டி மூடிகளையும் எடுத்து மேலே சட்டம் போட்டார். கித்தான் விறைத்துக் கிடந்தது. கொழுப்பு அடுப்பில் காட்டி இளக்கித் தைத்து மூடினார்கள். முதுகெலும்பு முறியாமலிருக்க இன்னொரு படகின் பாய்மரத்தை அடிக்கட்டையோடு சேர்த்துக் கட்டினார். மரவேலை செய்கிற தோழர்கள் இங்கே இருக்கிறார்கள். ஆணிகூட எண்ணி எடுக்கவேண்டிய இடத்தில் இது என்ன வேலை என்று அவர்களுக்குத் தெரியும்.

ஆறு பேர் புறப்பட்டார்கள். மக்நிஷும் அவர்களில் ஒருவர். பதினாறு நாள் கழித்து, மே 10-ந் தேதி, தெற்கு ஜார்ஜியாவில் ஒதுங்கினார்கள். ஆனால் ஆள் இருக்கும் திமிங்கில நிலையம் மலைக்கு அந்தப் பக்கம். ஷாக்கிள்டன், வோர்ஸ்லி, டாம் கிரீன் என்ற ஐரிஷ் குடியானவர் வீட்டுப் பிள்ளை, மூவரும் உறைபனி மலையைத் தாண்டப் போனார்கள். கால் வழுக்காமல் இருக்க, படகிலிருந்து பித்தளைத் திருகாணிகளைக் கழற்றி அவர்கள் பூட்ஸின் அடியில் முடுக்கிக் கொடுத்தவரும் அந்தத் தச்சர்தான். தீவில் கவிழ்த்த இரண்டு படகுகளுக்குக் கீழே நாலரை மாதம் கிடந்த 22 பேரையும், ஆகஸ்டு 30-ந் தேதி சிலி நாட்டுச் சிறு கப்பல் 'யெல்சோ', கேப்டன் பார்தோ தலைமையில் போய் மீட்டது. 28 பேரில் ஒருவரும் சாகவில்லை. (கண்டத்தின் மறுபக்கத்தில் உணவுக் கிடங்கு வைக்கப்போன இன்னொரு கோஷ்டியில் மூவர் மாண்டார்கள். அங்கே ஹர்லியின் காமிரா போகவில்லை.) தப்பி வந்தவர்களை யுத்தம் காத்திருந்து பிடித்தது. படகில் வந்த ஆறு பேரில் ஒருவரான மக்கார்த்தி என்ற மாலுமி 1917 மார்ச்சில் கப்பலோடு மூழ்கிப் போனார்.

ஹர்லி என்ன செய்தார்? படத்தில் மிருகங்கள் போதாது, ஜனங்களுக்குப் பிடிக்காது என்று 1917-ல் திரும்ப தெற்கு ஜார்ஜியாவுக்குப் போய் சீல்களையும் பென்குயின்களையும் எடுத்துவந்து சேர்த்தார். கடைசிப் பகுதியில் அவைதான் நிறைய வரும். படகு செய்த இடத்தில் பென்குயின் வருகிறதே என்று கோபித்துப் பயனில்லை, காமிராவே இல்லை. ஆனால் ஒரு தில்லுமுல்லையும் சொல்லவேண்டும். 'ஜேம்ஸ் கெயர்டு' படகு புறப்படும்போது எடுத்த போட்டோவைத் திருத்தி, மீட்புக் கப்பல் வந்தபோது எடுத்தது என்று ஹர்லி வெளியிட்டிருக்கிறார். உயிரைக் கொடுத்து எடுத்த நிஜத்தை இப்படிக் கெடுப்பானேன்? எங்களுக்குப் புரியவில்லை.

பயணத்தில் போனவர்களுக்கு அரசர் பெயரால் துருவப் பதக்கம் கொடுத்தார்கள். திருட்டுத்தனமாகக் கப்பலில் ஒளிந்து ஏறிய பையன் பிளாக்போரோவுக்குக்கூடக் கொடுத்தார்கள்; அது சரிதான், அவன் கால்விரல்களை இழந்தவன். நாலு பேருக்கு மட்டும் வேண்டாம் என்று ஷாக்கிள்டன் தடுத்தார். அந்த நாலு பேரில் இருவர் கொதிகலன் தொழிலாளிகள், ஒருவர் மாலுமி, நாலாமவர் தச்சர் மக்நிஷ்.

மக்நிஷ் பிறகும் கப்பலில் பிழைத்தார். அந்தப் படகுப் பயணத்துக்குப் பிறகு எலும்பெல்லாம் வலி தீரவில்லை. 1925-ல் நியூஜிலாந்துக்குப் போய் வெல்லிங்டன் துறைமுகத்தில் வேலை செய்தார். அங்கே அடிபட்டு அந்த வேலையும் போயிற்று. துறைமுகக் கொட்டகையில் தார்ப்பாய்க்குக் கீழே படுத்துறங்கினார். அவருக்குச் சோறு போட்டது யார்? அரசரல்ல, சணல் முதலாளியுமல்ல. வெல்லிங்டன் துறைமுகத் தொழிலாளர்கள் மாதாமாதம் தங்களுக்குள் வசூல் செய்து கொடுத்தார்கள். பிறகு ஏழைகள் விடுதியில் இடம் கிடைத்தது. 1930 செப்டம்பர் 24-ந் தேதி ஆஸ்பத்திரியில் இறந்தார். செத்த பிறகு கடற்படை வந்து துப்பாக்கி மரியாதையோடு புதைத்தது. ஆனால் தலைமாட்டில் ஒரு கல்கூட இல்லை. 1959-ல்தான் நியூஜிலாந்து அண்டார்ட்டிகா சங்கத்தார் கல் நட்டார்கள். 2004-ல் அதன்மேல் வெண்கலத்தில் ஒரு பூனையைச் செய்து வைத்தார்கள்.

அவர் பலகை போட்ட படகு லண்டனில் ஒரு பள்ளிக்கூடத்தில் பத்திரமாக இருக்கிறது. அவர் இடுப்பளவு தண்ணீரில் நின்று காக்கப் பார்த்த கப்பலை 2022 மார்ச்சில் கடலுக்கு அடியில் மூவாயிரம் மீட்டர் ஆழத்தில் கண்டுபிடித்தார்கள். பின்புறத்தில் பெயர் எழுத்துக்கள் கலையாமல் இருந்தன.

நேரமாகிறது, காலை ஷிப்டுக்காரர்கள் இருக்கிறீர்கள். படம் ஒன்றேகால் மணி நேரத்துக்குக் குறையாது. நடுநடுவே இங்கிலீஷில் எழுத்து வரும்; இந்தப் பக்கம் நிற்கிற தோழர் அதைத் தமிழில் உரக்க வாசிப்பார். கப்பல் நொறுங்குகிற இடத்தில் தயவுசெய்து யாரும் எழுந்து நிற்க வேண்டாம், பின்னால் குழந்தைகள் இருக்கிறார்கள். விளக்கை அணைக்கலாம்.